யகுனாவின் சதுப்பு வழக்கு

அவெரியிலிருந்து ஆற்றைக் கடந்து கினாமுவுக்கு வாழ்க்கைப்பட்டு வந்த முப்பது வருடத்தில், யகுனா கினாமுப் பேச்சில் ஒரு சொல் பேசியதில்லை. அந்தக் கரையில் நாலு ஊருக்கு நாலு பேச்சு. ஒரு வயிற்றுப் பிள்ளைகள் மாதிரி சாடை ஒன்று, குணம் வேறு. வந்த மருமகள் பிறந்த ஊர்ப் பேச்சில் பேசுவாள், புகுந்த வீடு தன் பேச்சில் பதில் சொல்லும். அதுதான் அங்கே மரியாதை. யகுனாவும் புருஷனும் அப்படியேதான் கொஞ்சினார்கள், சண்டை போட்டார்கள், மூன்று பிள்ளைகளை வளர்த்தார்கள்.

போன மழையில் புருஷன் செத்தான். அவர்கள் இருவரும் நட்ட, தண்டிலிருந்து மாவு எடுக்கும் சேகோப் பனைகள் நிற்கும் சதுப்பின்மேல் கொழுந்தன் கொமாருவுக்குக் கண் விழுந்தது. அது போனால் யகுனாவின் அடுப்பில் வைக்க ஒன்றுமில்லை.

ஊர் கூடியது. கொமாரு பாக்கைத் துப்பிவிட்டு எழுந்தான்.

"அண்ணி பேசுறது நம்ம பேச்சா? எனக்கு ஒரு எழவும் புரியல. புரியாத வழக்கை எப்படி விசாரிக்கிறது? அவெரிக்கே போகட்டும்."

நல்ல ஆள்! முப்பது வருடம் அவள் சாப்பிடக் கூப்பிட்டபோதெல்லாம் முதல் ஆளாக வந்து உட்கார்ந்தவனுக்கு இன்றைக்குப் புரியவில்லையாம்.

"நீ என்னம்மா சொல்றே?" என்றார் ஊர்த்தலைவர் மெகவி.

யகுனா அவெரிப் பேச்சிலேயே ஆரம்பித்தாள்.

"சதுப்பு கிடக்கட்டும் அய்யா. இவரு கதையைக் கேளுங்க. என் வீட்டுக்காரரோட வேட்டைக்குப் போனாரு. ஒரு பன்னிக்குட்டி குறுக்க ஓடிச்சு. அவ்வளவுதான், ஈட்டியைப் போட்டுட்டு மரத்துல ஏறிட்டாரு. சாயங்காலம் என் வீட்டுக்காரருதான் கையப் பிடிச்சு இறக்கி..."

"பொய்!" கொமாரு துள்ளிக் குதித்தான். "பன்னிக்குட்டியா? கசுவாரிப் பறவை! ஆள் உசரம்! நானேதான் இறங்குனேன்!"

பெண்கள் பக்கமிருந்து வெடித்த சிரிப்பில் படுத்திருந்த நாய்கள் எழுந்து ஓடின.

மெகவி கண்ணைத் துடைத்துக்கொண்டார். "உனக்குத்தான் நல்லாப் புரியுதே, கொமாரு. உக்காரு. நீ சதுப்பைப் பத்திச் சொல்லும்மா."

எந்தப் பனையை எந்தப் பிள்ளை பிறந்தபோது நட்டார்கள் என்று ஒவ்வொன்றாகச் சொன்னாள். சதுப்பு அவளுக்கே என்று முடிவானது.

மறுநாள் காலை, சதுப்புக்குப் போகும் வழியில் கொமாருவின் வீட்டு முன்னால் நின்று கோடரியை நீட்டினாள்.

"பனை வெட்ட ஆம்பிளை வேணும். வந்தா மாவுல பங்கு தரேன். வரீங்களா, இதுவும் புரியலையா?"

கொமாரு கோடரியை வாங்கிக்கொண்டு அவள் பின்னால் நடந்தான்.