அங்குலம் வாபஸ் வாங்கிய மனு

தெருவில் எல்லாரும் அவரை அங்குலம் என்றுதான் கூப்பிடுவார்கள். தையல்காரர், கழுத்தில் அளவு நாடா இல்லாமல் அவரைக் கண்டவர் கிடையாது. கடை மாடியில். கீழே மருந்துக்கடை வைத்திருந்த மச்சான், அதாவது மனைவியின் அண்ணன், "படிக்கட்டு என்னுது" என்று ஒருநாள் இரும்புக் கதவு போட்டுப் பூட்டிவிட்டார். அன்றிலிருந்து வாடிக்கையாளர்களுக்கு ஏணிதான். ஏற முடியாத பருமனானவர்களுக்கு அங்குலம் ஜன்னல் வழியே நாடாவைத் தொங்கவிட்டார்.

நகராட்சி கதவை அகற்றவில்லை என்று உயர் நீதிமன்றத்திலேயே மனு போட்டார். நீதிபதியிடம் பேச வேண்டியதைப் பதினாலு பக்கம் எழுதி, கடைக் கண்ணாடி முன் நின்று இரண்டு வருஷம் ஒத்திகை பார்த்தார்.

வழக்கு வந்தது, ஒன்றரை நிமிஷம்.

"படிக்கட்டு யாரோடதுன்னு நான் இங்க உட்கார்ந்து அளக்க முடியுமா?" என்றார் நீதிபதி.

"நான் அளந்துட்டேங்கய்யா! அகலம் முப்பத்தொன்றரை!"

வக்கீல் திரும்பிப் பார்த்த பார்வையில் அங்குலம் அரை அங்குலமாகி உட்கார்ந்தார். மனுவை வாபஸ் வாங்கி சிவில் கோர்ட்டுக்குப் போக வக்கீல் அனுமதி கேட்டார். கிடைத்தது.

"அவ்வளவுதானா சார்? ஏணியே கதியா?"

"பத்திரம், சாட்சியெல்லாம் அங்கதான்யா பார்ப்பாங்க. கூண்டுல ஏறி நீங்களே பேசலாம்."

"முழுசாவா?"

"எதிர்த்தரப்பு வக்கீல் போதும்னு கெஞ்சுற வரைக்கும்."

அங்குலத்தின் முகம் இஸ்திரி போட்டதுபோல் விரிந்தது.

"தோத்துட்டு வந்து பல்லைக் காட்டுறீங்களே!" என்றாள் மனைவி.

"தோக்கலைடி. தப்பாத் தைச்சதைப் பிரிச்சாச்சு. இனி ஒழுங்காத் தைக்கணும்."

சிவில் கோர்ட் நோட்டீஸ் போன மறுவாரம், ஏணியடியில் மச்சான், கையில் பேன்ட்.

"மாப்பிள்ளை, கோர்ட்டுக்குப் போட்டுக்கணும். இடுப்பு பத்தலை."

"கதவைத் திறந்து வாங்களேன் மச்சான்."

"திறந்தா பொது வழின்னு ஒத்துக்கிட்ட மாதிரியாம். சாவியைத் தொடாதேன்னுட்டார் வக்கீல்."

ஏறினார். ஐந்தாவது படியில் ஏணி முனகியது. மச்சான் மேலேயும் போகவில்லை, கீழேயும் இறங்கவில்லை. வயிறு மட்டும் இரண்டு பக்கமும் போய் வந்தது.

"பிடிங்க மாப்பிள்ளை!"

அங்குலம் ஏணியின் தலையை இறுகப் பிடித்தார். தொண்டையைச் செருமினார்.

"கனம் நீதிபதி அவர்களே! இந்தப் படிக்கட்டானது என் மாமனார் காலத்திலிருந்தே..."

"யோவ்!"

"...அகலம் முப்பத்தொன்றரை, உயரம்..."

பேச்சின் மூன்றாவது பக்கத்தில் மச்சான் பையைத் துழாவி, கீழே நின்ற தங்கையிடம் சாவியை வீசினார். "திறந்து தொலை! இனி பூட்டவே மாட்டேன்! இந்தாள வாயை மூடச் சொல்லு!"

கதவு கிறீச்சிட்டுத் திறந்தது. அங்குலத்துக்கு முகம் தொங்கிப்போனது.

"இன்னும் பதினோரு பக்கம் இருக்கே மச்சான்!"