சாம்பல் கதவு

சண்டிலிப்பாயில் பத்மாசினியின் பேக்கரிக்குப் புகைக்கூடு கட்டியவர் மேசன் கனகலிங்கம். ஆறு வருஷம் கழித்து, அதன் அடியில் சாம்பல் அள்ள ஒரு கதவு பூட்டித் தரும்படி அவரையே கூப்பிட்டிருந்தாள்.

"போன மாரியிலையிருந்து புகை திரும்பிப் பாண் சுடுற போறணைக்குள்ளை வருது அண்ணை. பாண் எல்லாம் புகை மணம். ஈர விறகு போடுறாரெண்டு போறணை மூட்டுற அருளம்பலத்தாரை நிப்பாட்டிப் போட்டன். புது ஆள் வந்தும் அதே புகைதான். கீழை சாம்பல் அடைச்சிருக்கும், கதவு இல்லாமல் ஆர் கட்டினதெண்டு அவர் கேக்கிறார்."

கதவு வேண்டும் என்பது கட்டும்போதே கனகலிங்கத்துக்குத் தெரியும். இரும்புக் கதவு செய்யக் கொடுத்தவன் சுணங்கினான். அரியாலையில் ஒரு வீட்டு வேலை காத்திருந்தது. கதவுக்கு விட்ட இடைவெளியைச் செங்கல்லால் அடைத்துப் பூசிவிட்டு, "உதுக்குக் கதவு தேவையில்லை, தங்கச்சி" என்று சொல்லிவிட்டுப் போனார்.

எங்கே உளி வைக்க வேண்டும் என்று அளக்கத் தேவைப்படவில்லை. நாலாவது கல்லை இழுத்ததும் சாம்பல் சரிந்து முழங்கால்வரை மூடியது. உள்ளே மழைத்தண்ணீரில் நனைந்து இறுகிய கரி, புகை நுழையும் வாய்மட்டும் ஏறிக் கிடந்தது. சாந்து சுமக்கும் இரும்புத் தாச்சியால் பதினொரு தரம் அள்ளினார். பிறகு இரும்புச் சட்டத்தை மட்டம் பார்த்து நிறுத்தி, அதன் கொக்கிகளைக் கல்லிடுக்கில் பதித்து, காற்றுப் புகாதபடி சுற்றிவரச் சாந்து அடைத்தார்.

பத்மாசினி தேத்தண்ணி கொண்டுவந்தாள். "நல்ல காலம், நீங்கள் உடனை வந்தீங்கள்."

கோப்பையை வாங்கியவர் குடிக்காமல் கீழே வைத்தார். "பிழை என்னிலை தங்கச்சி. அண்டைக்குக் கதவு வராததாலை அடைச்சுப் போட்டுப் பொய் சொன்னனான்."

அவள் அந்தச் சாம்பற் குவியலைப் பார்த்தாள்.

"அந்த மனுசன் ஒவ்வொரு விறகாத் தட்டிக் காட்டினவர், காஞ்சதெண்டு. நான் நம்பேல்லை," என்றாள்.

"நாலு நாளைக்கு நெருப்பு மூட்டாதையுங்கோ. சாந்து இறுகோணும்," என்றுவிட்டு, அவர் கைகூடக் கழுவாமல் அருளம்பலத்தைத் தேடிப் பண்டத்தரிப்புக்கு மோட்டார்சைக்கிளை விட்டார்.

அருளம்பலம் யாருடையதோ வெங்காயத் தோட்டத்தில் கூலிக்குப் பாத்திக்குப் பாத்தி தண்ணீர் மாறிக்கொண்டிருந்தார். வரம்பில் நின்றபடியே கனகலிங்கம் எல்லாவற்றையும் சொன்னார். அருளம்பலம் மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு கேட்டார்.

"இருபத்தெட்டு வருஷம் போறணைக்கு முன்னாலை நிண்டவன் நான்," என்றார் கடைசியில். "என்ரை கைதான் பிழைச்சுப் போச்செண்டு நானே நம்பிட்டன். வீட்டு அடுப்பைக்கூட இப்ப மனுசிதான் மூட்டுறா."

கனகலிங்கம் வரம்பிலிருந்து இறங்கி அவருக்குக் கிட்டப் போனார்.

"மன்னிக்கோணும் அண்ணை."

"தண்ணி வரம்பை உடைக்குது, பார்க்கோணும்," என்று அருளம்பலம் வாய்க்காலுக்குத் திரும்பிவிட்டார்.

மறுநாள் பத்மாசினி தானே போய் மன்னிப்புக் கேட்டுக் கூப்பிட்டாள். ஐந்தாம் நாள் அருளம்பலம் வந்து போறணையை மூட்டினார். புகை நேரே மேலே போனது. அவர் வெளியே வந்து அண்ணாந்து பார்த்தார். வேலி வாசற் படலையடியில் நின்ற கனகலிங்கத்தின் பக்கம் திரும்பவில்லை.

மாதம் ஒருமுறை, யாரும் கேட்காமலே, கனகலிங்கம் போய்ச் சாம்பல் அள்ளுகிறார். அவர் முடிக்கும்வரை அருளம்பலம் விறகுக் கொட்டிலில் போய் நிற்பார்.