அம்மா எனக்கு, அப்பா தம்பிக்கு

மாதுளம்பழச் சாற்றை அடிப்பிடிக்காமல் கிளறிக் கிளறி வற்றவைத்தால் எழும்பும் வாசனை புளிக்காய்ச்சலுக்கும் வெல்லப்பாகுக்கும் நடுவில் எங்கோ நிற்கும். குளிர்கால ஞாயிற்றுக்கிழமைகளில் மயூர் விஹாரில் எங்கள் கட்டடத்தின் மூன்றாம் மாடியிலிருந்து அது படியிறங்கி வந்தால், வீட்டுப்பாடத்தை அப்படியே போட்டுவிட்டு நான் மேலே ஓடிவிடுவேன். ரஷ்யா மாமி வதக்கிய கத்தரிக்காயின் மேல் அந்தக் கறுப்புப் பாகை ஊற்றித் தட்டை நீட்டி, "ஜல்தி தின்னுட்டி, ஆறுனா ருசி போயிரும்" என்பாள்.

ரஷ்யா மாமி என்பது குடியிருப்புக்காரர்கள் வைத்த பெயர். அவள் பெயர் நீனா. ஊர் ரஷ்யாவும் இல்லை, காஸ்பியன் கடலோரத்து பாகூ. எண்ணெய் எடுக்கும் படிப்புக்காக அங்கே போன சண்முகம் மாமா, படிப்போடு மாமியையும் அழைத்துக்கொண்டு வந்து, டில்லியில் அரசாங்கக் கம்பெனி ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தார். கல்யாணமான புதிதில் அம்பாசமுத்திரத்து மாமியார் வீட்டில் இரண்டு வருஷம் இருந்ததால், பால் வெள்ளையாய், கூர்மூக்கோடு இருந்த அந்த மாமி அசல் திருநெல்வேலித் தமிழ் பேசுவாள். டில்லியில் பிறந்து பாதி இந்தியில் உளறிக்கொண்டிருந்த எங்களைப் பார்த்து, "ஏட்டி, உங்களுக்குத் தமிழ் நான்லா சொல்லித் தரணும் போலிருக்கு" என்று கேலி செய்வாள். எங்களுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வரும்.

அந்த நாட்களில்தான் ஒருநாள் பாஸ்போர்ட் கதையைச் சொன்னாள். சோவியத் நாட்டில் பதினாறு வயதானால் எல்லோருக்கும் ஒரு பாஸ்போர்ட் தருவார்களாம். வெளிநாடு போக அல்ல, நம்முடைய ரேஷன் கார்டு மாதிரி வீட்டில் வைத்துக்கொள்ள. அதில் நீ என்ன இனம் என்று ஒரு வரி இருக்கும். மாமியின் அப்பா அஜர்பைஜான்காரர், அம்மா ஆர்மீனியாக்காரி. பிள்ளைகள் எந்தப் பக்கத்தை வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளலாம். இரண்டு பேரும் ஒரே பக்கம் சாய்ந்தால் இன்னொருவர் மனசு நோகுமே என்று மாமியும் அவள் தம்பியும் அடுக்களையில் உட்கார்ந்து கூடிப் பேசி, ஆளுக்கு ஒருவராகப் பிரித்துக்கொண்டார்களாம். "நான் அம்மையை எடுத்துக்கிட்டேன். அவன் அப்பாவை எடுத்துக்கிட்டான்."

என் அம்மாவுக்கு இதை விளக்கவே வேண்டியிருக்கவில்லை. எங்கள் வீட்டிலும் பெரியண்ணாவுக்கு அப்பாவின் அப்பா பெயர், சின்னண்ணாவுக்கு அம்மாவின் அப்பா பெயர். "பின்னே, ரெண்டு பக்கமும் சமமா இருக்க வேண்டாமா" என்று அம்மா சொல்ல, இருவரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

அப்புறம் அந்தச் சோவியத் தேசமே இல்லாமல் போனது. டெலிவிஷனில் கொடியை இறக்குவதைப் பார்த்த என் அப்பா, மத்திய சர்க்கார் குமாஸ்தா, ஏதோ ஓர் இலாகாவை மூடிவிட்டதைப் போல, "அப்போ அத்தனை பேருக்கும் பென்ஷன் யார் தருவா?" என்று கேட்டார். அதற்கு முன்பே மாமியின் அப்பாவுடைய இனமும் அம்மாவுடைய இனமும் அடித்துக்கொள்ளத் தொடங்கியிருந்தன. இவர்களை அங்கிருந்து விரட்டினார்கள், அவர்களை இங்கிருந்து விரட்டினார்கள். யார் ஆரம்பித்தது என்று கேட்டால் இன்றைக்கும் ஆளுக்கொரு பதில்தான். அஜர்பைஜானைச் சேர்ந்த பாகூவில், ஆர்மீனியர்களைத் தேடி வந்த கும்பலுக்கு வீட்டைக் காட்டிக் கொடுத்தவள் மாமியின் அம்மா வளர்த்த எதிர்வீட்டுப் பெண். மாமியின் அப்பா தன் கையாலேயே மனைவியைக் கப்பலேற்றி அனுப்பினார். அவள் கடலைத் தாண்டி, ஒரு ரஷ்ய ஊரில் தூரத்து உறவினர் வீட்டு ஓரத்தில் போய் ஒண்டிக்கொண்டாள். அப்பாவும் தம்பியும் பாகூவிலேயே இருந்தார்கள். தம்பி புது நாட்டின் பட்டாளத்தில் சேர்ந்தான்.

அந்த அப்பா படுக்கையில் விழுந்தார் என்று செய்தி வந்தது. கடைசியாக ஒரு தடவை அவர் முகத்தைப் பார்க்க வேண்டும், மாமிக்கு அது தவிர வேறு நினைப்பில்லை. கையிலிருந்த சிவப்புச் சோவியத் பாஸ்போர்ட்டுக்குச் சொந்தமான நாடு இல்லை. இந்தியக் குடியுரிமை கைக்கு வருவதாக இல்லை. மாமா தெரிந்தவர்களிடமெல்லாம் விசாரித்தார். ஆர்மீனியாக்காரி என்ற அந்த இன வரி இருக்கும்வரை பாகூவுக்குள் கால் வைக்க முடியாது, அங்கே செல்வாக்குள்ள யாராவது பொறுப்பேற்றால் ஒருவேளை நடக்கும் என்றார்கள். தம்பி பொறுப்பேற்பான் என்று மாமி நம்பினாள். "என் கூடப் பொறந்தவன்லா" என்றாள்.

அவனுக்குப் போன் போட மார்க்கெட் முனையில் இருந்த ஐ.எஸ்.டி. பூத்துக்கு அம்மாவும் நானும் துணைக்குப் போனோம். கண்ணாடிக் கதவுக்குள் மாமி முதலில் உரக்கப் பேசினாள், பிறகு மெதுவாக, பிறகு கேட்டுக்கொண்டு மட்டும் நின்றாள். வெளியே வந்தவள் எங்களுக்கு முன்னால் வேகவேகமாக நடந்தாள்.

"அப்பா என்னைத்தான் கேக்காராம். வரட்டுமான்னு கேட்டேன். உங்க ஆளுங்க எங்க பையங்களைக் கொல்லுதானுவ, நீ வந்தா என்னையும் சந்தேகப்படுவாங்கங்கான்" என்றாள். அப்புறம் நடுத்தெருவில் நின்று என் அம்மாவின் பக்கம் திரும்பினாள். "உங்க ஆளுங்கன்னு சொல்லுதான் அக்கா. யாரு மனசும் நோகக்கூடாதுன்னு நாங்க வெளையாட்டாப் பிரிச்சுக்கிட்டது அக்கா அது."

ஊரில் எல்லோர் வீட்டுச் சண்டைக்கும் சமாதானம் சொல்லும் என் அம்மா, அன்று அவள் கையை மட்டும் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

மாமியின் அப்பா இறந்த செய்தி அந்த ரஷ்ய ஊரைச் சுற்றிக்கொண்டு தாமதமாக வந்தது. எந்த மதச் சடங்கைச் செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. அம்மா வெந்நீர் போட்டு மாமியைக் குளியலறை முக்காலியில் உட்காரவைத்துத் தலைக்கு ஊற்றினாள். குளிரில் நடுங்கிக்கொண்டு மாமி சின்னப் பிள்ளை மாதிரி அழுதாள். முகம் தெரியாத அந்தத் தம்பியை நான் மனதார வெறுத்தேன்.

இப்போது பூத் இருந்த இடத்தில் மொபைல் உறை விற்கிறார்கள். மூன்றாம் மாடியில் வேறு யாரோ இருக்கிறார்கள். என் பிள்ளைகளின் அட்லஸில் அந்தப் பெரிய சிவப்பு நாடு இல்லை. அப்படி ஒன்று இருந்தது என்றால் நம்பத் தயங்குகிறார்கள். மாமாவும் இல்லை. மாமி சென்னையில் மகளோடு இருக்கிறாள்.

சில வருஷங்களுக்கு முன் அந்த இரண்டு நாடுகளும் மறுபடி போரிட்டபோது, மனசு கேளாமல் மாமிக்குப் போன் செய்தேன். தம்பியின் இளைய மகன் சண்டையில் செத்துப்போனதாக யாரோ உறவினர் சொல்லியனுப்பியிருந்தார்கள். மாமியின் குரலில் அழுகை இல்லை.

"பாட்டி ஆர்மீனியாக்காரின்னே அந்தப் பயலுக்குத் தெரியாதாம். தம்பி பயந்துக்கிட்டுச் சொல்லாமலே வளத்துட்டான்" என்றாள். "போட்டோ அனுப்பியிருந்தாங்கட்டி. அச்சு அசலா எங்க அம்மை முகம்."