ஆறடியும் அடுத்த மனையும்

எங்கள் சின்னத்தா, அதாவது எங்களைப் பெற்ற அத்தாவின் தம்பி, மவுத்தான அன்று பள்ளிவாசலை ஒட்டிய மையவாடியில் குழி வெட்டினார்கள். இடுப்பளவு போகும்போதே எலும்பு வந்துவிட்டது. வெட்டுகிறவர் அதைப் பொறுக்கி ஓரமாக ஒதுக்கி, மண்ணைப் போட்டு மூடிவிட்டு வேலையைத் தொடர்ந்தார். இது எங்களில் வழக்கம்தான். பழைய கபுர் மண்ணோடு மண்ணான பிறகு அதே இடத்தில் இன்னொருவரை அடக்குவோம். ஆனால் மண்ணாவதற்கும் ஒரு காலம் வேண்டுமே. திண்டுக்கல் பெருத்த வேகத்தில் செத்தவர்களுக்கு அந்த அவகாசம்கூடக் கிடைக்கவில்லை.

அத்தா தோல் பதனிடும் ஷாப்பில் ஆயுசு முழுக்க வேலை பார்த்தவர். எதற்கும் முகம் சுளிக்காத மனிதர் அன்று வீட்டுக்கு வந்து சாப்பிடாமல் படுத்துவிட்டார். மறுநாள் ஜமாத்தில் போய் உட்கார்ந்தவர், ஊருக்கு வெளியே புது மையவாடி வாங்கும்வரை ஓயவில்லை.

அவரோடு பிறந்தவர்கள் எட்டுப் பேர். நாங்கள் ஐந்து. எங்கள் பிள்ளைகள் ஒன்றிரண்டோடு சரி. அளவாகப் பெற்றுக்கொண்டால் எல்லாம் தீரும் என்று சுவரெல்லாம் எழுதிப் போட்டிருந்தார்கள், நாங்களும் கேட்டுக்கொண்டோம். நெரிசல் குறைந்தபாடில்லை. ஏற்கெனவே பிறந்தவர்கள் எங்கே போவார்கள்? மழை பொய்த்த பக்கத்திலிருந்து பிழைக்க வருகிறவர்களை வராதே என்று யார் சொல்ல முடியும்? நாகல் நகரில் எங்கள் வீடு மூன்று பங்காகி, மாடிக்குப் போகிறவர் என் அடுப்படி வழியாகத்தான் போக வேண்டும் என்றாகிவிட்டது. குழம்பு கொதிப்பதைத் தாண்டித்தான் என் தம்பி தினமும் வேலைக்குக் கிளம்புவான்.

குஜிலியம்பாறை போகிற சாலையில் நிலம் வாங்கினார்கள். சுற்றுச்சுவர் எழுப்பி வேப்பங்கன்று நட்டார்கள். எல்லோருக்கும் சந்தோஷம். ஆனால் ஒருவரும் தங்கள் வீட்டு மையித்தை அங்கே கொண்டு போகவில்லை. "இந்த ஒரு தடவை பழைய இடத்துலயே" என்பார்கள். பழைய இடமென்றால் தொழுதுவிட்டு வருகிறவர்கள் நின்று சலாம் சொல்லி, செத்த நேரம் துஆ கேட்டுவிட்டுப் போவார்கள். அந்த வெட்டவெளியில் யார் வந்து சலாம் சொல்வார்கள்? முதல் ஆளாக ஒற்றையில் படுக்க யாருக்கும் மனமில்லை. திட்டம் நல்ல திட்டம்தான், அடுத்த வீட்டு மையித்துக்கு.

அத்தாவுக்குக் கோபம் வந்துவிட்டது. ஒரு வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்ததும் எல்லோரும் கேட்கும்படி சொன்னார்: "நான் போறேன் மொதல்ல. ஒருத்தன் போய்ப் படுத்தா பின்னாலயே எல்லாரும் வந்துருவீங்க."

அம்மா அவரோடு ரெண்டு நாள் பேசவில்லை.

அவர் போனபோது சொல்லைக் காப்பாற்றினோம். அவ்வளவு தூரம் தோளில் சுமக்க முடியாது, சந்தூக்குப் பெட்டியை வேனில்தான் ஏற்றினோம். அது எனக்கு இன்றும் ஆறவில்லை. வழியில் பாதிப் பேர் கழன்றுகொண்டார்கள். மண் போட்டுவிட்டுத் திரும்பும்போது பார்த்தேன். அம்புட்டுப் பெரிய வெளியில் ஒரே ஒரு மண்மேடு. பின்னால் யாரும் வரவில்லை. அடுத்து இறந்தவரும் பழைய இடத்துக்கே போனார், யாருடைய எலும்பையோ ஒதுக்கிக்கொண்டு.

உயிரோடு இருக்கிறவர்கள்தான் வந்தார்கள். சுற்றியிருந்த காடெல்லாம் கல் ஊன்றிக் கொடி கட்டி மனையாயிற்று. எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்று எங்கள் பெரியண்ணனும் அங்கே ஒரு மனை வாங்கினார், சுற்றுச்சுவரை ஒட்டி. அத்தாவுக்குத் துணையாயிற்று என்று நான்கூட நினைத்தேன். வீடு நிறைந்த பிறகு குடியிருப்பவர்கள் சேர்ந்து மனுக் கொடுத்தார்கள், வீடுகளுக்கு நடுவே அடக்கம் செய்யக்கூடாதென்று. அதிகாரிகள் வந்து பார்த்தார்கள். இனி ஒரு மையித்தும் வைக்கக்கூடாது, இருக்கிற ஒன்று இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்கள்.

மனுவில் அண்ணனும் கையெழுத்துப் போட்டிருந்தார். நேரே போய்க் கேட்டேன்.

"நான் மட்டும் போடாட்டி அங்கன குடியிருக்க முடியுமா?" என்றார் தலையைக் குனிந்துகொண்டே. "மேல்வீட்டுக்கு யாரு வாடகைக்கு வருவா? பிள்ளைகள வச்சுக்கிட்டு நான் எங்கிட்டுப் போறது?"

பதிலுக்குத் திட்டலாம் என்று போனவன் டீயைக் குடித்துவிட்டு வந்தேன். அவரை வெளியே துரத்தியது எங்கள் அடுப்படிதானே. கடைசியில் ஆறடிதான் சொந்தம் என்று பெரியவர்கள் சொல்வார்கள். அவர்கள் காலத்தில் அதாவது இருந்தது.

போன வருஷம் தம்பி மகனுக்குக் கல்யாணமாயிற்று. புது மருமகளுக்கு ஓர் அறை வேண்டும். அம்மாவின் கட்டிலைத்தான் தூக்க வேண்டியிருந்தது. அண்ணன் வீட்டு மாடி காலியாகத்தான் கிடந்தது, மனுக் கொடுத்தும் வாடகைக்கு ஆள் வரவில்லை. அங்கே கொண்டு போய் விட்டோம். எங்களில் பெண்கள் மையவாடிக்குப் போகிற வழக்கமில்லை. அத்தாவை அடக்கிய இடத்தை அம்மா அதுவரை கண்ணால் பார்த்ததே இல்லை. மாடி ஜன்னலைத் திறந்தால் நேர் கீழே அதுதான். அக்கம்பக்கத்தார் அந்தப் பக்கத்து ஜன்னல்களை அடைத்துவிட்டார்கள். அம்மா மட்டும் நாற்காலியை அங்கேயே போட்டுக்கொண்டார். காலையில் ஒரு சலாம், பொழுது சாய்ந்து மக்ரிபுக்கு ஒரு சலாம்.

ஒரு நாள் போயிருந்தபோது, இங்கே வசதியாக இருக்கிறதா என்று கேட்டேன். ஜன்னலிலிருந்து முகத்தைத் திருப்பாமலே சொன்னார்:

"இருக்குற வரைக்கும் உங்கத்தா பக்கத்துல இருந்துக்கிறேன். மவுத்தாயிட்டா டவுனுக்குத் தூக்கிட்டுப் போயிருவீங்கள்ல."

தூக்கிக்கொண்டுதான் போவோம்.