கன்னத்து முத்து

அந்த ஜப்பானியப் படக்கதையைத் தம்பிதான் என் போனில் இறக்கித் தந்தான். ஊரெல்லாம் ஸோம்பி. கடிபட்டவர்கள் எல்லாரும் ஸோம்பியாகிவிட, ஒருத்திக்கு மட்டும் ஒன்றும் ஆகாது. அவள் இரத்தத்திலிருந்துதான் மருந்து செய்ய வேண்டும். எனக்கு அவளை ரொம்பப் பிடித்துப்போனது. நானும் அவள் இனம் என்ற திமிர்தான். என் இடது கன்னத்துக் குழி, கைக்குழந்தையில் அம்மை வந்து அம்மாள் போட்ட முத்து என்று சொல்லித்தான் வளர்த்தார்கள். ஒருதரம் அம்மை வந்தவர்களுக்குத் திரும்ப வராதே.

தம்பிக்கு அம்மை போட்டபோது அம்மா அப்புத்தளையில் சித்தி வீட்டில் இருந்தார். தேயிலைத் தோட்டத்து லயத்தின் வரிசை வீடுகளில் வேறு யாரும் எங்கள் வாசலை மிதிக்க மாட்டார்கள். வயிற்றில் பிள்ளையோடு நான்தான் உள்ளே போனேன். வேப்பிலை செருகினேன், இளநீர் கொடுத்தேன், பக்கத்தில் உட்கார்ந்து கதையை வாசித்துக் காட்டினேன்.

"நீதான்க்கா ஹீரோயின். கடிச்சுப் பாக்கவா?" என்றான்.

சேதி கேட்டு வந்த அம்மா, என்னை அவன் பக்கத்தில் பார்த்ததும் பையைக் கீழே போட்டுவிட்டார்.

"நீ ஏன்டி உள்ள போன?"

"எனக்குத்தான் சின்னதிலேயே வந்திருச்சேம்மா."

அம்மா படியிலேயே உட்கார்ந்தார். "அது முத்து இல்ல. கஞ்சி தெறிச்சது. ஒன்னைய அடுப்புகிட்ட விட்டுட்டு, வேலைக்குப் பேரு குடுக்கப் பெரட்டுக்களத்துக்கு ஓடிட்டேன். ஒங்கப்பா கேட்டா என்னா சொல்றது? அம்மாள் போட்டதுன்னா யாரும் கேள்வி கேக்க மாட்டாங்க."

கை தானாக வயிற்றுக்குப் போனது. இத்தனை வருஷம் கண்ணாடியில் பார்த்துப் பெருமைப்பட்டது ஒரு சொட்டுக் கஞ்சியை. அம்மா மேல் வந்த ஆத்திரத்தைப் பயம் விழுங்கிவிட்டது.

பதுளை ஆஸ்பத்திரியில் இரத்தம் எடுத்தார்கள். கதையிலும் அவளுக்கு இப்படித்தான் எடுப்பார்கள். அந்தப் பக்கத்தை முறுக்கு கடித்துக்கொண்டே தள்ளியவள் நான். இப்போது ஊசியைப் பார்க்க முடியவில்லை.

முடிவு வந்ததும் யாழ்ப்பாணத்து டாக்டரம்மா சிரித்தார். "பயப்பிடாதேங்கோ. உங்களுக்கு முந்தியே அம்மை வந்து போயிருக்கு. பிள்ளைக்கு ஒண்டும் வராது. சிலருக்கு ரெண்டு மூண்டு கொப்புளத்தோட போயிடும், வீட்டில இருக்கிறவைக்கே தெரியாது."

எனக்குப் போன உயிர் திரும்பியது. அம்மாவோ பேயறைந்தவர் மாதிரி நின்றார். எங்கள் தோட்டத்துக்குத் திரும்பும் ஸ்பிரிங்வெளி பஸ்ஸில் ஏறினோம். தேயிலை மலை தெரியத் தொடங்கியதும் என் கையைப் பிடித்தார்.

"காலையில தோட்டத்துப் புள்ளைங்கள விடுற பிள்ளக்காம்பராவுல விட்டுட்டுக் கொழுந்து பறிக்கப் போனா, அந்திக்குத்தான் ஒன்னையத் தூக்குவேன்" என்றார். "அம்மை போட்டப்ப ஒன்னைய யாருடி பாத்துக்கிட்டா?"