பிந்திச் சுடாத பதினான்கு அங்குலம்

சின்னத் தொலைக்காட்சிப் பெட்டி விற்கிறவன் அதன் முகத்தைவிட முதுகைத்தான் அதிகம் பார்ப்பான். படம் எல்லாப் பெட்டியிலும் வரும். எந்தத் துளையில் எந்த வயர் போகும் என்பதில்தான் வியாபாரம் இருக்கிறது. கவுண்டருக்குப் பின்னால் நின்று நின்று கால் வீங்கிய சகோதரர்களே, உங்களுக்கு இதை நான் விளக்கத் தேவையில்லை.

நான் இந்தத் தொழிலுக்கு வந்தபோது வயது அறுபதை நெருங்கியிருந்தது. அதற்கு முன் துறைமுகத்திலும் அச்சகங்களிலும் வேலைநிறுத்தம் நடத்தியவன். துண்டுப்பிரசுரங்களைப் படித்தே அறிவு பெற்றேன். பிறகு மற்றவர்கள் படிக்க நானே எழுதினேன். என்னோடு மேடையில் நின்ற சிலர் இன்று சாரதி வைத்த வாகனத்தில் போகிறார்கள். எனக்குக் கொழும்பு கொட்டாஞ்சேனையில் ஒரு வாடகை அறை மிஞ்சியது. யுத்தம் மறுபடி மூண்ட காலத்தில் ஊர்வலம் போக ஆளுமில்லை, அனுமதியுமில்லை. வெள்ளவத்தையில் காலி வீதிக் கடையொன்றில் விற்பனையாளனாகச் சேர்ந்தேன். முதலாளிக்கு என் வயதில் பாதி. என்னைத் ‘தோழர்’ என்று கூப்பிடுவார். அது மரியாதையா நக்கலா என்று நான் ஒருநாளும் கேட்கவில்லை.

கறுப்பு வெள்ளையில் வந்த கனடா

ஒரு நாள் காலை ஒரு தாயும் மகனும் வந்தார்கள். யாழ்ப்பாணத்துக்காரர். கனடா போக விசா வரும்வரை கடற்கரைப் பக்க ஒழுங்கையொன்றில் அறை எடுத்திருந்தார்கள். மகன் பெயர் குகன், வயது பத்தொன்பது. பையிலிருந்து ஒரு வீடியோ விளையாட்டுப் பெட்டியை எடுத்து வைத்தான். கனடாவில் இருக்கும் மாமா அனுப்பியது. வீட்டுக்காரம்மாவின் ரீவியில் மாட்டினால் படம் கறுப்பு வெள்ளையாகத் தெரிகிறதாம். சோதனைச் சாவடியில் ஒரு சிப்பாய் அதைக் கவிழ்த்துக் குலுக்கியதில்தான் பழுதாகிவிட்டது என்று தாய் நினைத்திருந்தார்.

கடையிலிருந்த மூன்று பெட்டிகளில் மாட்டிப் பார்த்தேன். மூன்றிலும் கறுப்பு வெள்ளை. என் கைபட்டுத்தான் எரிந்துபோயிற்றோ என்று எனக்கு வியர்த்துவிட்டது. முதலாளி தலை நிமிராமலே விளக்கினார். கனடாப் பெட்டி நிறத்தை அனுப்பும் முறை வேறு, எங்கள் நாட்டுப் பெட்டி புரிந்துகொள்ளும் முறை வேறு. இரண்டும் தெரிந்த பெட்டி எடுத்தால் சரியாகிவிடும். சர்வதேசியம் பற்றி நாற்பது வருடம் பேசியவன் நான். சிவப்புக்கூட நாட்டுக்கு நாடு செல்லாது என்று அன்றைக்குத்தான் அறிந்து திகைத்து நின்றேன். குகன் என்னைத் தேற்றுவதுபோலச் சொன்னான்:

“மாமா கலரிலைதான் அனுப்பினவர், ஐயா. கட்டுநாயக்கா எயாபோட்டிலை இறக்கேக்கை வடிஞ்சிருக்கும்.”

அமத்துவது இப்போது, சுடுவது பிறகு

மறுநாளும் வந்தார்கள். மகன் கொம்பியூட்டரும் படிக்கிறான், அறையில் ஒரு மேசைக்குத்தான் இடம், ஆகவே கொம்பியூட்டருக்கும் விளையாட்டுக்கும் ஒரே பெட்டி போதும் என்றார் தாய். முதலாளி கண்ணைக் காட்டினார். புதிதாக வந்த தட்டையான பதினைந்து அங்குலத்தை எடுத்து வைத்தேன். அதன் முதுகில் கொம்பியூட்டருக்கும் ஒரு துளை இருந்தது. இலேசானது, அறை மாறினால் கையில் தூக்கிக்கொண்டு போகலாம் என்றெல்லாம் பிரசங்கம் செய்தேன்.

குகன் ஸ்டூலில் உட்கார்ந்து விளையாட்டைத் தொடங்கினான். திரையில் துப்பாக்கியோடு ஒரு படைவீரன். இரண்டு தரம் பொத்தானை அமத்திவிட்டுக் கைப்பிடியைக் கீழே வைத்தான். பெட்டி பிந்துகிறது என்றான். ரயில் பிந்தும், பிரேரணை பிந்தும், பெட்டி எப்படிப் பிந்தும்? தன் பெருவிரலையும் திரையையும் சேர்த்துப் பார்க்கச் சொன்னான். பார்த்தேன். உண்மைதான். விரல் அமத்திய பிறகு, மயிரிழை நேரம் கழித்துத்தான் திரையில் வெடித்தது. தட்டைப் பெட்டி படத்தைத் தனக்குள் சீர்செய்து காட்டுமாம்; வயிறு தள்ளிய பழைய குழாய்ப் பெட்டி வந்ததை வந்தபடி காட்டிவிடுமாம். கொம்பியூட்டரை வகுப்பில் படித்துக்கொள்கிறேன், எனக்குப் பதினான்கு அங்குலக் குழாய்ப் பெட்டி போதும் என்றான்.

கண் இமைக்கும் நேரத்தில் பாதிகூட இல்லை, இதில் என்ன போய்விடும் என்று கேட்டேன். தாய் முகத்தை வீதிப் பக்கம் திருப்பிக்கொண்டார். மகன் சிரிக்காமல் சொன்னான்:

“பிந்திச் சுட்டா நான் செத்துப்போவன், ஐயா.”

காதுக்குப் போகும் துளை

அன்று பின்னேரம் தாய் மட்டும் வந்தார். காதில் மாட்டிக் கேட்கும் ஹெட்போனுக்கு அந்தப் பெட்டியில் துளை இருக்கிறதா என்று கேட்டார். பக்கத்து அறைக்காரர் குறை சொல்கிறார்களா என்றேன். இல்லையாம். அவர்களுடைய ஒழுங்கையால்தான் ஆமிக்காரர் கடற்கரைக்கு ரோந்து போவார்கள். தமிழர் வீட்டு யன்னலால் வெடிச்சத்தம் கேட்டால் என்ன நடக்கும் என்று என்னையே திருப்பிக் கேட்டார். தியேட்டர் மாதிரிச் சத்தம் வரும் என்று சொல்லி எத்தனையோ பெட்டி விற்றிருக்கிறேன். வெளியே சத்தமே கேட்கக்கூடாது என்று கேட்டு வந்த முதல் வாடிக்கையாளர் அவர்தான்.

பிறகு குரலைத் தாழ்த்திக் காரியத்தைச் சொன்னார். பக்கத்து அறைப் பையனை பஸ் தரிப்பில் வைத்து யாரோ ஏற்றிக்கொண்டு போய் இரண்டு கிழமை. எங்கே என்று தெரியாது. விசா வரும்வரை குகனை வீதியில் இறங்க விடக்கூடாது. வகுப்புக்கும் தானே கூட்டிக்கொண்டு போய்க் கூட்டிவருகிறார். மற்ற நேரம் அவனை அறைக்குள் எப்படி வைத்திருப்பது? ஒரு பெடியன் இதற்கு முன்னால் எத்தனை மணித்தியாலம் இருப்பான் என்று, மற்றவர்கள் பெட்டியின் ஆயுளைக் கேட்பதுபோலக் கேட்டார்.

நான் என் விற்பனைப் புத்தியைக் காட்டினேன். மெமரி காட் என்று ஒரு சின்ன அட்டை இருக்கிறது, மாமா அதை அனுப்ப மறந்திருக்கிறார், அது இருந்தால் விட்ட இடத்திலிருந்து விளையாடலாம், இல்லாவிட்டால் ஒவ்வொரு தரமும் முதலிலிருந்துதான் என்றேன். அவர் முகம் அப்போதுதான் தெளிந்தது.

“அப்ப அது வேண்டாம், அண்ணை. அவன் ஒவ்வொரு நாளும் முதலிலை இருந்தே தொடங்கட்டும்.”

மஞ்சள் தாளில் பத்து வரி

மகனை அறைக்குள் வைத்திருக்கக் குகனின் தாய் பதினான்கு அங்குலத்தையும் ஹெட்போனையும் வாங்கிப் போன செய்தி ஒழுங்கைகளில் பரவியது. விசாவுக்குக் காத்திருந்த வேறு தாய்மாரும் வரத் தொடங்கினார்கள். முதலாளி என்னை அழைத்து, உங்களுக்கு எழுத வருமே, ஒரு நோட்டீஸ் எழுதித் தாருங்கள் என்றார். ‘இளைஞர்களே, வீதிக்கு வாருங்கள்’ என்று எழுதிப் பழகிய கையால் ‘உங்கள் பிள்ளை வீட்டிலேயே இருப்பான். எந்த நாட்டு விளையாட்டும் நிறத்தோடு தெரியும். சத்தம் வெளியே போகாது’ என்று எழுதினேன். அப்போதும் ஓர் எழுத்துப் பிழை விடவில்லை என்பதைப் பெருமையோடு பதிவு செய்கிறேன். ஒரு காலத்தில் நான் வேலைநிறுத்தம் நடத்திப் பூட்ட வைத்த அச்சகத்திலேயே, என் பழைய துண்டுப்பிரசுரங்கள் வந்த அதே மஞ்சள் தாளில் அடித்தார்கள்.

இரண்டாம் நாள் கடை திறக்க முன்னரே வாசலில் ஒன்பது பெண்கள் நின்றார்கள். நான் பூட்டில் சாவியை வைத்தபடி அசையாமல் நின்றுவிட்டேன். முதலாளி பின்னால் வந்து என் தோளில் கையை வைத்தார்.

“தோழர், உங்கட நோட்டீசைப் பார்த்துச் சனம் வந்ததை இப்பத்தானே முதல்முதல் பார்க்கிறீங்க?”

கலண்டரின் பின்பக்கம்

சுமார் இரண்டு மாதம் கழித்து ஒரு காலை குகனின் தாய் கடைக்கு ஓடிவந்தார். காலில் செருப்பில்லை. விடியற்காலைச் சுற்றிவளைப்பில் பொலிசார் அறைக்குள் வந்திருக்கிறார்கள். பொலிஸ் பதிவு சரி, அடையாள அட்டை சரி. போகத் திரும்பியவர்கள் கட்டிலுக்குப் பக்கத்துச் சுவரைப் பார்த்திருக்கிறார்கள். கிழித்த கலண்டர் தாள்களின் பின்பக்கத்தில் பென்சிலால் கீறிய படங்கள். ஒரு முகாம். காவற்கோபுரங்களுக்கு வட்டம், காவலாளிகளுக்குப் புள்ளடி, நுழையும் பாதைக்குப் புள்ளிக்கோடு. ‘இங்கை ரெண்டு பேர். நாப்பது செக்கனுக்கு ஒருக்காத் திரும்புவான்’ என்று தமிழில் குறிப்பு வேறு.

ஒவ்வொரு நாளும் முதலிலிருந்து தொடங்க வேண்டியிருந்த பிள்ளை, வந்த வழியை மறக்காமல் இருக்க விளையாட்டைக் கீறி வைத்திருக்கிறான். நான் விற்காத அந்த அட்டை செய்யவேண்டிய வேலையைப் பென்சிலால் செய்திருக்கிறான். எந்த முகாம் என்று கேட்டிருக்கிறார்கள். ரீவியிலுள்ள முகாம் என்றதற்கு அறை விழுந்திருக்கிறது. அவனையும் தாள்களையும் இரண்டு பெட்டிகளையும் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள்.

தாய் உத்தரவாத அட்டையை என்னிடம் நீட்டினார். அதில் விற்பனையாளன் என்ற இடத்தில் என் கையெழுத்து இருந்தது. விற்றவனைக் கூட்டிவா, அது என்ன பெட்டி என்று அவன் சொல்லட்டும் என்றாராம் பொலிஸ் நிலையப் பொறுப்பதிகாரி. இளமையில் ஒரு பொலிஸ் நிலையத்தில் எனக்கு இரண்டு பல் போனது. இனிக் கைவிலங்கோடு மட்டுமே அந்தப் படி ஏறுவேன் என்று மேடையில் சபதம் செய்தவன் நான். அதை அவருக்கு எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டு நின்றேன். அவர் என் முகத்தைப் பார்த்துக் கேட்டார்:

“அண்ணை, விளையாட்டு எண்டு ஒரு சொல்லு. அதை வந்து சொல்ல உங்களுக்கு என்ன?”

பொறுப்பதிகாரியின் மேசை

குகன் மூலையில் நிலத்தில் இருந்தான். ஒரு கன்னம் வீங்கியிருந்தது. சந்தேக நபர் பெட்டியைத் தொடக்கூடாது, விற்றவனே போட்டுக் காட்டு என்று பொறுப்பதிகாரி சிங்களத்தில் உத்தரவிட்டார். வயரை மாட்டினேன், படம் வந்தது. அதற்குமேல் எனக்கு ஒன்றும் தெரியாது. நாலைந்து டசின் பெட்டி விற்றவன், ஒருநாளாவது விளையாடிப் பார்த்ததில்லை. திரையிலுள்ள முகாமின் வாசலிலேயே மூன்று தரம் செத்தேன். பொறுப்பதிகாரி தாளையும் பார்த்தார், என்னையும் பார்த்தார். உன் ஆள் கேற்றைக்கூடத் தாண்டவில்லையே, அப்படியானால் இந்த வரைபடம் எந்த இடத்துக்கு என்று கேட்டார். பிள்ளையைக் காப்பாற்ற வந்த நானே அவனுக்கு எதிரான சாட்சியாகிவிட்டேன்.

தொழிற்சங்கத்தில் பழகிய சிங்களம் முழுவதையும் திரட்டி, பத்து நிமிடம் மட்டும் பிள்ளையின் கையில் கொடுங்கள் என்று கேட்டேன். மன்றாடினேன் என்பதே சரி. யோசித்துவிட்டுச் சம்மதித்தார். நான் சத்தத்தைக் குறைக்கப் போனேன்; வேண்டாம், எல்லாம் கேட்கவேண்டும் என்றார். முதல் வெடி வெடித்ததும் முற்றத்திலிருந்து ஒரு கான்ஸ்டபிள் துவக்கை நீட்டிக்கொண்டு உள்ளே பாய்ந்தார். குகனுடைய கை அப்படியே உறைந்தது. பொறுப்பதிகாரி கையைக் காட்டி அவரை நிறுத்திவிட்டு, தொடர்ந்து விளையாடு என்றார்.

குகன் போனான். புள்ளிக்கோடு திரும்பிய இடத்தில் திரும்பினான். புள்ளடி போட்ட இடத்தில் காவலாளி நின்றான். பொறுப்பதிகாரி பேனையால் தாளில் அந்தப் பாதையைத் தொடர்ந்து வந்தார். இரண்டாவது தாளில் கதிரையை இழுத்துக் கிட்ட வந்தார். மூன்றாவது தாளில் கான்ஸ்டபிள்மார் நாலு பேர் பின்னால் கூடிவிட்டார்கள். குகன் ஒரு சுவரோரம் தயங்கி நின்றபோது, பொறுப்பதிகாரி தாளைப் பார்த்துச் சிங்களத்தில், சொந்தத் தம்பியைக் கூப்பிடுவதுபோல இரகசியமாகச் சொன்னார்:

“மல்லி, இடது பக்கக் கோபுரத்தில் இன்னொருவன் இருக்கிறான். பார்த்துப் போ.”

திரும்பி வந்த பெட்டி

மத்தியானம் தாயிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு குகனை விட்டார்கள். படங்கள் மட்டும் திரும்பி வரவில்லை; பொறுப்பதிகாரி தன் மேசை லாச்சியில் வைத்துப் பூட்டினார். வழக்குக்கா, வீட்டுக்கா என்று நான் கேட்கவில்லை.

சில கிழமைக்குப் பிறகு விசா வந்தது. விமானம் ஏறுவதற்கு முதல்நாள் தாயும் மகனும் பதினான்கு அங்குலத்தை ஓட்டோவில் கொண்டுவந்து கடையில் இறக்கினார்கள். யாருக்காவது கொடுங்கள் என்றார் தாய். அன்று நிலையத்திலிருந்து வந்தபிறகு மகன் அதைத் தொடவே இல்லையாம். நாள் முழுக்க அறையில் சும்மாதான் இருந்தானாம். கூப்பிட்டாலும் வெளியே போகவில்லையாம். அவர் ஆசைப்பட்டதும் அதுதான். ஆனால் சொல்லிவிட்டு, பெட்டியைத் தன் கையாலேயே என் பக்கம் தள்ளினார்.

அலுத்துவிட்டதா என்று குகனைக் கேட்டேன். திரையைக் கையால் துடைத்தபடி சொன்னான்:

“அண்டைக்கு அந்த மேசையிலை விளையாடேக்கைதான் எனக்கு ஒரேயொரு உயிர் இருந்தது, ஐயா. அதுக்குப் பிறகு இதிலை என்ன இருக்கு?”

நாற்பது வருடம் நான் எழுதிய அத்தனை கோரிக்கையும் பொலிஸ் நிலையத்திலிருந்து ஒரு மனிதனைக்கூட வெளியே கொண்டுவந்ததில்லை, எனக்கு விளையாடவே தெரியாத ஒரு விளையாட்டு கொண்டுவந்தது என்பதைக் கட்சி வரலாற்றில் எந்தத் தலைப்பின் கீழ் சேர்ப்பது என்றுதான் இன்னும் தெரியவில்லை.