தாழ்வாரத்துக்கு ஒரு குரல்

அவரை எல்லோரும் ‘காது’ என்றுதான் கூப்பிடுவார்கள். சினிமாவுக்கு ஒலிப்பதிவு செய்பவர். ஊசி விழுந்தால் எந்த அறையில் விழுந்தது என்று சொல்லிவிடுவார். ‘மாட்டேன்’ என்ற ஒரு சொல் மட்டும் அவர் வாயில் வராது. அப்படித்தான் அந்தக் கட்டடத்தில் வசமாக மாட்டிக்கொண்டார்.

படத்தின் இயக்குநர் முன்பெல்லாம் கட்டட வரைபடம் போட்டுக்கொண்டிருந்தவர். இப்போது காலியாகக் கிடக்கும் அந்த அலுவலகக் கட்டடத்தைப் படமெடுக்கிறார். நடிகர் கிடையாது, கதை கிடையாது. திரையில் தூண் வந்தால் தாளம், ஜன்னல் வந்தால் மௌனம், தாழ்வாரம் முடியும்வரை ஒரே சுரம். எல்லாச் சத்தமும் கட்டடத்துக்குள்ளேயே பிறக்க வேண்டும்: குழாய், கதவுக் கீல், லிஃப்டின் முனகல். முதலில் காதுக்கும் இது பிடித்துத்தான் இருந்தது. ஆனால் ஒரு தளம் முடிந்தால் இன்னொன்று என்று வேலை அனுமார் வாலாக நீண்டது.

காதின் மனைவி வேலை மாற்றலாகி, மகளோடு வேறு ஊருக்குப் போய்விட்டாள். அங்கே வானொலி நிலையத்தில் இவருக்கும் வேலை தயார். திங்கட்கிழமை சேராவிட்டால் வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள்.

“இன்னைக்காவது சொல்லுவீங்களா, இல்ல பல்ல இளிச்சிட்டு வந்துடுவீங்களா?” என்று ஃபோனில் கேட்டாள்.

“சொல்லிடறேன்மா.”

மேல்தளத் தாழ்வாரத்துக்கு ஏற்ற சுரம் கிடைக்காமல் இயக்குநர் மண்டையை உடைத்துக்கொண்டிருந்தார். காது அவர் எதிரில் போய் நின்றார். கட்டடம் எப்போது என்ன சத்தம் போடுமோ என்று அங்கே பதிவுக் கருவியை அணைப்பதே இல்லை. பயத்தில் காதுக்கு அது மறந்துவிட்டது.

“சார், நான் போறேன்.”

இத்தனை நாள் தொண்டையில் கிடந்ததாயிற்றே, நினைத்ததைவிடப் பலமாக வந்துவிட்டது. குரல் தாழ்வாரத்தின் கடைசிவரை போய்த் திரும்பியது. இயக்குநர் கண்ணை மூடிக்கொண்டார்.

“இதுதான்யா. இதத்தான் தேடிட்டிருந்தேன்.”

“இல்ல சார், நான் நெஜமாவே…”

“தெரியுதே. அதான் இவ்வளவு நல்லா வந்திருக்கு. இத அப்படியே தாழ்வாரத்துல உக்கார வச்சுடு. உன்ன விட்டா யாருக்கு வரும்? மத்ததெல்லாம் அப்புறம் பேசலாம்.”

காதுக்கு அழுகை வந்தது. தன்மேல்தான் கோபம்.

திங்கட்கிழமை காலை, ஃபோனை அணைத்துவிட்டு, ஜன்னலில்லாத அறையில் உட்கார்ந்து, ‘போறேன்’ என்ற தன் குரலைத் தூண் தூணாக இழுத்துக்கொண்டிருந்தார். பின்னாலிருந்து இயக்குநர் குனிந்து பார்த்தார்.

“கடைசித் தூணுக்கு முன்னாடியே போயிடுது பாரு. இன்னும் கொஞ்சம் பிடிச்சு வை.”

“சரி சார்” என்றார் காது.